வரையும் முன்பே வெட்டுபவர்கள்: அனிமேஷன் எடிட்டிங், ஒலித்தொகுப்பு வேலைக்கு வருகிறவர்களுக்கு

“படமே இன்னும் வரையவில்லை என்கிறாய். அப்புறம் எதைத்தான் எடிட் செய்கிறாய்?” என்று என் மாமா ஒருமுறை கேட்டார். கேலியாகத்தான் கேட்டார். ஆனால் இந்த வேலையைப் பற்றிச் சொல்ல வேண்டிய எல்லாம் அந்தக் கேள்விக்குள் அடங்கியிருக்கிறது. நடிகர்களை வைத்து எடுக்கும் படத்தில் எடிட்டர் பெரும்பாலும் படப்பிடிப்புக்குப் பின்னால் வருகிறார். எடுத்து வந்ததில் வேண்டியதை வைத்துக்கொண்டு மீதியைக் கழிக்கிறார். அனிமேஷனில் கழிப்பதற்கு எதுவும் இருக்காது. எந்த ஷாட்டை வரைய வேண்டும், அதில் எத்தனை ஃபிரேம் (அசைவை உண்டாக்கும் தனித்தனி நிலைப்படம்) வரைய வேண்டும் என்பதே எடிட்டரின் மேசையில் வைத்துத்தான் முடிவாகிறது. ஒலியும் அப்படியே. படப்பிடிப்புத் தளத்தில் மைக்கில் தானாக விழுந்துவிடும் காற்று, காலடி, துணி உரசல் எதுவும் இங்கே இல்லை. அமைதிகூட யாரோ ஒருவர் யோசித்து டைம்லைனில், அதாவது படமும் ஒலியும் நேர வரிசையில் அடுக்கப்படும் மென்பொருள் பட்டையில், வைத்ததுதான்.

எடிட்டிங், ஒலி இரண்டையும் சேர்த்தே எழுதுகிறேன். பெரிய ஸ்டூடியோக்களில் இவை தனித்தனித் துறைகள். சிறிய குழுக்களில் ஒரே ஆள், ஒரே கணினி. எங்கே போய்ச் சேர்ந்தாலும் தொடக்கத்தில் இரண்டையும் கற்றுக்கொள்ளுங்கள். அனிமேஷன் எடிட்டரின் டைம்லைனில் பல நேரங்களில் படத்துக்கு முன்பே குரல் ஏறிவிடுகிறது. காது பழகாதவர் இங்கே பாதி எடிட்டர்தான்.

படி 1: நேரத்தை ஃபிரேமால் எண்ணுங்கள்

திரைப்படத்தில் ஒரு வினாடிக்கு 24 ஃபிரேம். ஒரு ஃபிரேம் என்பது சுமார் 42 மில்லி வினாடி. தொலைக்காட்சிக்கு 25, 30 என்றும் வரும். எண் மாறினாலும் பழக்கம் ஒன்றே. கண்ணிமைக்கும் நேரம், கைநொடிக்கும் நேரம் ஒரு மாத்திரை, குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு என்று பள்ளியில் எண்ணினோம் அல்லவா? அதே கணக்குத்தான். அங்கே மெய்யெழுத்தின் அரை மாத்திரையோடு நின்றுவிட்டோம். இங்கே அதற்கும் கீழே இறங்க வேண்டியிருக்கிறது.

முதல் வாரம் மென்பொருள் பாடங்களை ஒதுக்கி வைத்துவிட்டு இதைச் செய்யுங்கள். உங்கள் குரலில் “என்ன?” என்று மூன்று விதமாகப் பதிவு செய்யுங்கள்: கோபமாக ஒன்று, குழப்பமாக ஒன்று, பாதித் தூக்கத்தில் ஒன்று. டைம்லைனில் போட்டு ஒவ்வொன்றும் எத்தனை ஃபிரேம் என்று எண்ணுங்கள். கோபத்தின் “என்ன” சட்டென்று முடிந்திருக்கும். தூக்கத்தின் “என்ன” அதைப்போல் இரண்டு மடங்காவது நீண்டிருக்கும். பிறகு நடந்து பாருங்கள். இயல்பான நடையில் ஓர் அடிக்கு 12 ஃபிரேம் என்பது அனிமேட்டர்களின் பழைய கணக்கு. 16 என்றால் உலாவல், 8 என்றால் அவசரம், 6 என்றால் ஓட்டம். சில நாட்களில் பிறர் நடப்பதைப் பார்த்தாலே எண் மனத்தில் ஓடத் தொடங்கும். வீட்டில் உள்ளவர்கள் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். பரவாயில்லை.

அடுத்தது காதுக்கான பயிற்சி. பந்து தரையில் மோதும் ஒரு காட்சியை எடுத்து, மோதும் ஒலியை ஒரு ஃபிரேம் முன்னால், இரண்டு முன்னால், பிறகு ஒன்று பின்னால், இரண்டு பின்னால் என்று நகர்த்திப் பாருங்கள். பின்தங்கி வருவதைக் காது ஓரளவு மன்னிக்கும். முந்தி வருவதை அவ்வளவு எளிதில் மன்னிக்காது. ஒலி வினாடிக்குச் சுமார் 343 மீட்டர்தான் போகிறது. ஒரு ஃபிரேம் நேரத்தில் 14 மீட்டர். தொலைவில் நடப்பது சற்றுத் தாமதமாகக் கேட்பது நமக்குப் பிறந்தது முதல் பழக்கம். பார்ப்பதற்கு முன்பே கேட்கும் அனுபவம் நமக்கு இல்லை.

இப்படி எண்ணுவது கணினி காலத்துப் பழக்கம் என்று நினைத்துவிடாதீர்கள். 1928-இல் ‘ஸ்டீம்போட் வில்லி’ குறும்படத்தைச் செய்தபோதே டிஸ்னி குழுவினர் மெட்ரோனோம் என்ற தாளக் கருவியின் தட்டுகளை ஃபிரேம் கணக்காக மாற்றி, தாளத்துக்கு ஏற்ப வரைந்தார்கள். ஃபிலிம் காலத்தில் 35 மில்லிமீட்டர் சுருளில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம், நிமிடத்துக்கு 90 அடி. “அந்த ஷாட் மூன்று அடி” என்று மூத்தவர்கள் சொன்னால் இரண்டு வினாடி என்று புரிந்துகொள்ளுங்கள்.

படி 2: ஒரு நிமிட அனிமேட்டிக் ஒன்றை முழுதாக முடியுங்கள்

ஸ்டோரிபோர்டு ஓவியங்களை, அதாவது காட்சிகளைத் திட்டமிட வரையும் படங்களை, வரிசையாக வைத்து, தற்காலிகக் குரல், தற்காலிக இசை, சில ஒலிகள் சேர்த்து ஓட்டிப் பார்ப்பதே அனிமேட்டிக். ஸ்டோரி ரீல் என்றும் சொல்வார்கள். படம் வேலை செய்கிறதா என்பது இங்கே தெரிந்துவிட வேண்டும். ஏனென்றால் முழுநீளப் படத்தில் ஓர் அனிமேட்டர் ஒரு வாரம் முழுக்க உழைத்தால் சில வினாடிகள்தான் கிடைக்கும். அனிமேட்டிக்கில் ஒரு ஷாட்டைத் தூக்கி எறிவது ஒரு விசையைத் தட்டும் வேலை. அனிமேட் செய்து முடித்த பிறகு எறிந்தால் ஒருவருடைய ஒரு மாதம் குப்பைக்குப் போகும்.

இரண்டு பாத்திரங்கள், ஓர் இடம், ஒரு சின்னச் சச்சரவு என ஒரு பக்கத்துக்கு எழுதிக்கொள்ளுங்கள். குச்சி மனிதர்களாக 30, 40 படங்கள் போதும். ஓவியம் வராது என்று தயங்க வேண்டாம்; அனிமேட்டிக்கில் யாரும் விரல்களை எண்ணுவதில்லை. நண்பர் ஒருவரைக் கூப்பிட்டு வசனங்களை ஃபோனிலேயே பதிவு செய்யுங்கள், ஒவ்வொரு வரியையும் ஐந்தாறு முறை.

முதலில் படங்களைத் தொடாதீர்கள். குரலை மட்டும் வைத்து வானொலி நாடகம் போல வெட்டி முடியுங்கள். கண்ணை மூடிக் கேட்டால் யார் எங்கே தயங்குகிறார், யார் குறுக்கே பேசுகிறார் என்பது புரிய வேண்டும். புரிந்த பிறகுதான் படங்களை ஏற்ற வேண்டும்.

இந்தக் கட்டத்தில் எடிட்டருக்குக் கிடைக்கும் சுதந்திரம் வேறு எங்கும் கிடைக்காது. நடிகரின் வாய் இன்னும் வரையப்படவில்லை. ஆகவே எந்தப் பதிவின் எந்தத் துண்டையும் எதனோடும் ஒட்டலாம். ஓர் எடுத்துக்காட்டை நெருங்கிப் பார்ப்போம். வசனம் “அவன் வரமாட்டான்.” இரண்டாம் பதிவில் “அவன்” நன்றாக இருக்கிறது. ஐந்தாம் பதிவில் “வரமாட்டான்” சோர்ந்துபோய் விழுகிறது. இரண்டையும் எடுத்து ஒட்டுகிறேன். இடையே இரண்டு ஃபிரேம் விட்டால் அது தகவல்; சொல்பவருக்குக் கவலை ஒன்றும் இல்லை. ஏழு ஃபிரேம் விட்டால் ஒரு யோசனை எட்டிப் பார்க்கிறது. 14 ஃபிரேம் விட்டு, மூன்றாம் பதிவின் தொடக்கத்தில் நடிகர் தெரியாமல் இழுத்த மூச்சை அந்த இடைவெளியில் வைத்தால், சொல்பவர் இதுவரை காத்திருந்தார் என்பது தெரிந்துவிடுகிறது. அந்த 14 ஃபிரேமில்தான் அனிமேட்டர் பாத்திரத்தின் பார்வையைத் தாழ்த்துவார். அவர் பெயருக்குப் பாராட்டு வரும். வரட்டும். அந்த இடத்தைத் திறந்து வைத்தது நீங்கள் என்று உங்களுக்குத் தெரிந்தால் போதும்.

ஒட்டும்போது கவனிக்க வேண்டியவை இரண்டு. மூச்சுகளைத் துடைத்து எறியாதீர்கள். எல்லாப் பதிவுகளின் மூச்சுகளையும் தனித் தடத்தில் சேமித்து வையுங்கள், பொன்போல் உதவும். வெட்டை வல்லின மெய்க்கு முன்னால் உள்ள சிறு மௌனத்தில் வையுங்கள். “பக்கம்” என்ற சொல்லில் ‘க்க’வுக்கு முன் ஒரு நொடிப்பொழுது ஒலி அடைபடுகிறது அல்லவா, அங்கே வெட்டினால் காதுக்குத் தெரியாது. உயிரெழுத்தின் நடுவில் வெட்டினால் சுருதி மாறிப் பல்லிளிக்கும்.

தற்காலிக இசை பற்றி ஓர் எச்சரிக்கை. அது எப்படிப்பட்ட மந்தமான காட்சியையும் தூக்கி நிறுத்திவிடும். ஆகவே ஒருமுறை இசையை முழுக்க அணைத்துவிட்டு ஓட்டிப் பாருங்கள். காட்சி படுத்துவிட்டால் அதை எழுப்பப் பார்க்க வேண்டும்; இசையின் ஒலி அளவைக் கூட்டக் கூடாது.

படி 3: வாயசைவைப் படியுங்கள்

பதிவான குரலை ஃபிரேம் ஃபிரேமாகக் கேட்டு, எந்த ஃபிரேமில் எந்த ஒலி என்று அட்டவணையில் எழுதுவது பழைய நாட்களில் எடிட்டரின் முக்கிய வேலைகளில் ஒன்று. எக்ஸ்போஷர் ஷீட் என்ற அந்தத் தாளை வைத்துத்தான் அனிமேட்டர் வாயை வரைந்தார். இப்போது மென்பொருள் பாதியைச் செய்துவிடுகிறது. மீதியைச் சரிபார்க்க ஆள் வேண்டும், குறிப்பாகத் தமிழ்க் குரலுக்கு. இத்தகைய கருவிகள் பலவும் ஆங்கிலத்தை மனத்தில் வைத்துச் செய்யப்பட்டவை.

கைக்கொள்ள வேண்டியது இவ்வளவுதான். ப, ம இரண்டும் உதடுகள் இயைந்து பிறப்பவை. “அம்மா” என்று சொல்லும் பாத்திரத்தின் வாய் ‘ம்’மில் மூடியே தீர வேண்டும், குறைந்தது இரண்டு ஃபிரேமுக்கு. ஒரே ஃபிரேம் மூடினால் கண் அதைப் பிடிப்பதில்லை. வகரத்துக்கு மேற்பல் கீழுதட்டைத் தொடும். உ, ஊ, ஒ, ஓ வந்தால் இதழ் குவியும். த, ல, ர, ள, ழ எல்லாம் நாவின் வேலை. வெளியே பெரிதாகத் தெரியாது, விட்டுவிடலாம். வேகமாகப் பேசும்போது எல்லா எழுத்துக்கும் வாய் வரைந்தால் பாத்திரம் மென்று தின்பது போல இருக்கும். வாய் வடிவம் ஒலிக்கு ஒன்றிரண்டு ஃபிரேம் முன்னால் வந்தால் இயல்பாகத் தெரியும். ஏன் என்பது பந்துப் பயிற்சி செய்தவர்களுக்குப் புரியும்.

படி 4: ஒலியே இல்லாத காட்சிக்கு ஒலி கட்டுங்கள்

பயிற்சிக்குப் படம் எங்கே கிடைக்கும் என்ற கேள்விக்கு நல்ல பதில் இருக்கிறது. பிளெண்டர் என்ற இலவச மென்பொருளை உருவாக்கும் அறக்கட்டளை, கிரியேட்டிவ் காமன்ஸ் உரிமத்தில் சில குறும்படங்களை வெளியிட்டிருக்கிறது. 2008-இல் வந்த ‘பிக் பக் பன்னி’ சுமார் பத்து நிமிடம், வசனமே கிடையாது. 2010-இன் ‘சின்டெல்’ வேறு சுவை. பெயரைக் குறிப்பிட்டுவிட்டு நீங்கள் வெட்டலாம், ஒலி மாற்றலாம், உங்கள் ரீலில் (வேலை கேட்க அனுப்பும் மாதிரித் தொகுப்பில்) காட்டலாம். புகழ்பெற்ற படங்களின் காட்சியை எடுத்து ஒலி மாற்றிப் பொதுவில் ஏற்றுவதைவிட இது பாதுகாப்பானது.

அதில் 30 வினாடியை எடுத்துக்கொண்டு ஒலித்தடத்தை நீக்குங்கள். மூல ஒலியைக் கேட்காமல் தொடங்குங்கள். கேட்டுவிட்டால் அதையே நகலெடுப்பீர்கள். முதலில் வெறுமனே ஓட்டி, ஒலி தேவைப்படும் ஒவ்வோர் இடத்தையும் டைம்கோடுடன் (எந்த வினாடி, எந்த ஃபிரேம் என்ற எண்ணுடன்) எழுதுங்கள். எழுதிய பட்டியலை நான்காகப் பிரியுங்கள்: சூழல் ஒலி, உடல் அசைவு ஒலி, பொருள்களின் ஒலி, குரல் முனகல்கள். இரண்டாவதை ஃபோலி என்பார்கள். யுனிவர்சல் ஸ்டூடியோவில் வேலை பார்த்த ஜாக் ஃபோலியின் பெயரால் வந்த சொல். திரையைப் பார்த்தபடியே காலடியையும் துணி உரசலையும் நிகழ்த்திப் பதிவு செய்வது.

ஒரு பாட்டி பிரம்பு நாற்காலியிலிருந்து எழுந்திருக்கும் காட்சி என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு வினாடி, 48 ஃபிரேம். புதியவர் “கிரீச்” என்ற ஒற்றை ஒலியைத் தேடி எடுத்து வைத்துவிடுவார். நான் செய்வது வேறு. முதல் 6 ஃபிரேமில் ஒரு மூச்சு இழுப்பு மட்டும். எழுவதற்கு முன் உடல் தயாராவது அதில் தெரியும். 8-ஆம் ஃபிரேமில் கை, நாற்காலியின் கைப்பிடியைப் பற்றும் மெல்லிய தட்டு. 12-இலிருந்து பிரம்பின் முறுமுறுப்பு, உடல் எடை கூடக் கூட நெருக்கமாகி, எடை விலகும் 30-ஆம் ஃபிரேமில் சட்டென்று நின்று ஒரே ஒரு சொடக்கு. அதற்கு மேல் புடவை சரியும் ஒலி. வளையல் இரண்டே இரண்டு முறை. மூன்றாவது முறை வந்தால் அவர் நாட்டியமாடப் போகிறார் என்று தோன்றும். கடைசியில் முனகல், அதுவும் எழுந்து நின்ற பிறகு. எழும்போதே முனகினால் வலி. நின்ற பிறகு முனகினால் வயது. இத்தனையும் சேர்த்துவிட்டு அறையின் சூழல் ஒலியை அடியில் ஓடவிட்டால், காகிதத்தில் கோடாக இருந்த பாட்டிக்கு எடை வந்துவிடும். ஒலித்தொகுப்பாளர் தருவது முக்கியமாக அதுதான். வரைந்த உருவத்துக்கு எடை கிடையாது. அது காதின் வழியாகத்தான் வர முடியும்.

ஒலியைப் பார்வைக்கு ஒத்த பொருளிலேயே தேட வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. சோளமாவை ஒரு பையில் கட்டி அழுத்தினால் பனியில் நடக்கும் ஒலி. செலரித் தண்டை முறித்தால் எலும்பு. தோல் கையுறைகளை உதறினால் சிறகு. 2008-இன் ‘வால்-ஈ’ படத்துக்கு ஒலி வடிவமைத்த பென் பர்ட், அந்தச் சிறு ரோபோ உருண்டு போகும் ஒலிக்குக் கையால் சுற்றும் பழைய மின்னாக்கியைப் பயன்படுத்தினார். வார்னர் பிரதர்ஸ் கார்ட்டூன்களில் பல ஆண்டுகள் ஒலிகளைத் தொகுத்த டிரெக் பிரௌனின் கைவண்ணத்தையும் தேடிக் கேளுங்கள். விழும் பொருளுக்கும் மோதும் பொருளுக்கும் கொஞ்சமும் தொடர்பில்லாத ஒலியை வைத்துச் சிரிக்க வைப்பதில் அவருக்கு நிகர் குறைவு. திரையில் அவர் பெயருக்கு முன்னால் வந்தது ‘ஃபிலிம் எடிட்டர்’ என்ற பட்டம்தான்.

நீங்களே பதிவு செய்யுங்கள். தொடக்கத்தில் சின்ன ரெக்கார்டரோ ஃபோனோ போதும். மின்விசிறியை நிறுத்துங்கள், போர்வைகளைச் சுற்றித் தொங்கவிடுங்கள், மைக்கைப் பொருளுக்கு நெருக்கமாக வையுங்கள், ஒவ்வொன்றையும் மெதுவாக, வேகமாக, மிக வேகமாக என்று மூன்று விதமாக எடுங்கள். கோப்புக்கு உடனே பெயர் வையுங்கள்: ‘கதவு_மரம்_மெதுவாக_மூடல்_03’ என்பது போல. ‘புதிய பதிவு 117’ என்று விட்டுவைத்தால் ஆறு மாதத்தில் உங்களிடம் நூலகம் இருக்காது, குப்பைக்கூடைதான் இருக்கும். ஃப்ரீசவுண்ட் தளத்தில் எடுக்கும் ஒலிகளுக்கு உரிமம் கோப்புக்குக் கோப்பு மாறும். சிலவற்றை வணிகப் பணிகளில் பயன்படுத்தக் கூடாது. எடுக்கும்போதே உரிமத்தையும் குறித்து வையுங்கள்.

இன்னொன்று. ஒவ்வோர் அசைவுக்கும் ஒலி வைத்து, அதற்கு மேல் இசையும் ஒவ்வோர் அடிக்கும் தாளம் தட்டினால் பார்ப்பவருக்கு மூச்சு முட்டும். இசை அசைவை அப்படியே பின்பற்றுவதை ‘மிக்கி மௌசிங்’ என்று சொல்வது பாராட்டாக மட்டும் இல்லை. பட்டியலை எழுதி முடித்த பிறகு அதில் மூன்றில் ஒரு பங்கை அடித்துவிட்டு ஓட்டிப் பாருங்கள். பெரும்பாலும் படம் தேறியிருக்கும்.

படி 5: கோப்பு ஒழுங்கைக் கற்றுக்கொள்ளுங்கள்

இது சலிப்பான பகுதி. ஆனால் உதவி எடிட்டராகச் சேரும் எவரையும் முதல் வாரத்தில் எடைபோடுவது இதை வைத்துத்தான்.

என் முதல் தொடர் வேலையில் 11 நிமிட அத்தியாயம் ஒன்றை அனிமேஷன் குழுவுக்கு அனுப்பினேன். தொடக்கத்தில் வாயசைவு கச்சிதமாக இருந்தது, முடிவுக்கு வரும்போது பாத்திரங்கள் எல்லோரும் மோசமான டப்பிங் படத்தில் பேசுவது போலப் பேசினார்கள். இரண்டு நாள் வசனங்களை நகர்த்தி நகர்த்திச் சரிசெய்தேன். தவறு வசனத்தில் இல்லை. என் டைம்லைன் 24 ஃபிரேமில் இருந்தது. நான் வெளியேற்றிய படம் 23.976-இல் போயிருந்தது. வித்தியாசம் ஆயிரத்தில் ஒரு பங்கு. 660 வினாடிக்கு அது 0.66 வினாடி, ஏறக்குறைய 16 ஃபிரேம். அன்றிலிருந்து எந்த வேலையைத் தொடும் முன்னும் ஃபிரேம் வேகம் எவ்வளவு என்று எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்கிறேன். வாயால் சொல்லும் “இருபத்து நான்கு” என்பதை நம்புவதில்லை.

ஒலிக் கோப்பு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், வேவ் வடிவம் என்பது பரவலான வழக்கம். 24 ஃபிரேமுக்கு இது கச்சிதம்: ஒரு ஃபிரேமுக்குச் சரியாக 2,000 மாதிரிகள் (சாம்பிள்கள், ஒலியை அளந்து எடுத்த எண்கள்). படத்தின் முதல் ஃபிரேமுக்குச் சரியாக இரண்டு வினாடி முன்னால், ஒரு ஃபிரேம் நீளத்துக்கு 1,000 ஹெர்ட்ஸ் ‘பீப்’ வையுங்கள். ஒலியும் படமும் தனித்தனியே பயணம் செய்து மறுமுனையில் சேரும்போது அந்த ஒரு ‘பீப்’ எல்லோரையும் காப்பாற்றும். ஷாட்டுகளை 10, 20, 30 என்று இடைவெளி விட்டு எண்ணிடுங்கள். நடுவில் ஒன்று முளைத்தால் 15 என்று வைத்துக்கொள்ளலாம். பதிப்பு எண் எப்போதும் கூடிக்கொண்டே போகட்டும். ‘இறுதி’ என்ற சொல்லைக் கோப்பின் பெயரில் வைக்காதீர்கள். ‘இறுதி_உண்மையான_இறுதி_2’ என்ற கோப்பை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

வசனம், இசை, ஒலிகள் மூன்றும் கடைசிவரை தனித்தனித் தடங்களில் இருக்க வேண்டும். அனிமேஷன் படம் பல மொழிகளுக்குப் போகும். வசனம் நீங்கலாக இசையும் ஒலிகளும் மட்டும் உள்ள தடத்தைக் கேட்பார்கள். பாட்டியின் முனகலை நாற்காலி ஒலியோடு கலந்து வைத்திருந்தால், வேற்று மொழியில் வேறொரு நடிகை முனகும்போது நம் பாட்டியும் கூடவே முனகுவார். ஒலி அளவுக்கும் விதி உண்டு. ஐரோப்பிய ஒளிபரப்பு விதியின்படி மைனஸ் 23 எல்யூஎஃப்எஸ் (காதுக்குத் தெரியும் ஒலி உரப்பை அளக்கும் அலகு), அமெரிக்கத் தொலைக்காட்சிக்கு மைனஸ் 24. தளத்துக்குத் தளம் மாறும் என்பதால், ஒப்படைப்பு விவரத்தாளைக் கேட்டு வாங்கிவிட்டுக் கலவையை (எல்லாத் தடங்களையும் ஒன்றாகச் சேர்க்கும் மிக்ஸிங் வேலையை) தொடங்குங்கள்.

மென்பொருளுக்கு ஒரு பத்தி போதும். பெரிய ஸ்டூடியோக்களில் படத்துக்கு அவிட் மீடியா கம்போசர், ஒலிக்குப் புரோ டூல்ஸ் என்பது பரவலான வழக்கம். சிறிய குழுக்களில் பிரீமியர் புரோவும் ஸ்டோரிபோர்டு புரோவும் அதிகம். கற்க டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு தாராளம். படம், ஒலி இரண்டும் அதிலேயே முடியும். ஒன்றில் கை பழகினால் மற்றொன்றுக்கு மாற அதிக நாள் ஆகாது. இதற்காக ஆறு மாதம் ஒப்பிட்டுக்கொண்டிருப்பவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வரும்.

படி 6: வேலை எப்படி ஓடுகிறது என்று தெரிந்துகொண்டு சேருங்கள்

முழுநீளப் படமும் தொலைக்காட்சித் தொடரும் ஒரே தொழிலின் இரண்டு வேறு வாழ்க்கைகள். முழுநீளப் படத்தில் எடிட்டர் மூன்று, நான்கு ஆண்டுகள் ஒரே கதையோடு இருப்பார். சில மாதங்களுக்கு ஒருமுறை முழுப் படத்தையும் அனிமேட்டிக்காக ஓட்டிக் காட்டுவார்கள். விளக்கு எரிந்ததும் பாதிப் படம் போய்விடும், மறுபடி வரைவார்கள். பின்னர் கேமரா அமைப்பு, அசைவு, ஒளியமைப்பு என்று ஒவ்வொரு துறையிலிருந்தும் ஷாட் முதிர்ந்து வர வர, எடிட்டிங் பிரிவு பழையதை எடுத்துவிட்டுப் புதியதை வைத்துக்கொண்டே இருக்கும். எல்லாத் துறைகளும் வந்து போகும் சந்திப்பு அதுதான். உதவி எடிட்டராகச் சேரும் புதியவருக்குப் படிக்க இதைவிட நல்ல இடம் கிடையாது.

தொடரில் அத்தியாயம் 11 நிமிடம் அல்லது 22 நிமிடம். ஃபிரேம் பிசகாமல் அந்த அளவுக்குள் அடைக்க வேண்டும். பூட்டிய, அதாவது இனி மாற்றுவதில்லை என்று முடிவு செய்த, அனிமேட்டிக்கை அனிமேஷன் செய்யும் இடத்துக்கு அனுப்புவார்கள். அது வேறு நாட்டிலும் இருக்கலாம். திரும்பி வந்ததைப் பார்த்து, திருத்த வேண்டியவற்றை ‘ரீடேக்’ பட்டியலாக எழுதுவார்கள். எல்லாவற்றையும் திருத்த நேரம் இருக்காது. ஷாட்டைச் சில ஃபிரேம் சுருக்கியோ, முந்தைய ஷாட்டின் ஒலியை இதன்மேல் இழுத்தோ குறையை மறைக்கும் கை எடிட்டருக்கு வேண்டும்.

ஒலிப் பிரிவில் வசனத் தொகுப்பு, ஒலிகளின் தொகுப்பு, ஃபோலி, கலவை என்று பிரிந்து, மேலே ஒலித்துறை மேற்பார்வையாளர் இருப்பார். புதியவர்கள் பெரும்பாலும் வசனத் தொகுப்பிலோ ஒலி நூலகப் பராமரிப்பிலோ நுழைகிறார்கள். படப் பிரிவில் பயிற்சியாளர், இரண்டாம் உதவியாளர், முதல் உதவியாளர், இணை எடிட்டர், எடிட்டர் என்று ஏணி. அதற்கு மேலும் போகலாம். 1995-இல் ‘டாய் ஸ்டோரி’யின் எடிட்டர்களில் ஒருவராக இருந்த லீ அன்கிரிச், 2010-இல் அதன் மூன்றாம் பாகத்தையும் 2017-இல் ‘கோகோ’வையும் இயக்கினார். கதையை ஆண்டுக்கணக்கில் வெட்டி ஒட்டியவருக்கு அது ஒன்றும் பெரிய தாவல் இல்லை.

படி 7: ரீல் செய்து அனுப்புங்கள்

இரண்டு நிமிடத்துக்குள் முடியுங்கள். ரீலுக்குப் பின்னணிப் பாட்டு போடாதீர்கள். ஒலித்தொகுப்பு வேலை கேட்கிறவர் தன் ஒலியைப் பாட்டால் மூடி அனுப்புவதைப் பலமுறை பார்த்துவிட்டேன். வைக்க வேண்டியவை: நீங்கள் செய்த அனிமேட்டிக்கிலிருந்து 40 வினாடி; அதே காட்சியின் முதல் வெட்டும் மூன்றாம் வெட்டும் அருகருகே, ஏன் மாற்றினீர்கள் என்று ஒரு வரிக் குறிப்போடு; ஒலி கட்டிய 30 வினாடி, முதலில் மௌனமாக, பிறகு அடுக்கடுக்காக ஒலி ஏறுவது தெரியும்படி. தேர்வு செய்கிறவர் தேடுவது உங்கள் யோசனையை. அது மாற்றங்களில்தான் தெரியும்.

கல்லூரிகளில் அனிமேஷன் படிக்கும் மாணவர்களின் இறுதியாண்டுக் குறும்படங்களுக்கு எப்போதும் ஒலி தட்டுப்பாடு. வரைந்து முடிப்பதற்குள் அவர்களுக்கு நாக்குத் தள்ளிவிடும். ஒலிக்கு நேரம் மிஞ்சாது. போய்க் கேளுங்கள். இரண்டு, மூன்று படங்கள் செய்தால் ரீலும் கிடைக்கும், நாளை வேலை வாங்கித் தரக்கூடிய நண்பர்களும் கிடைப்பார்கள். தனிப் பொறுப்பில் வேலை எடுத்தால், எத்தனை முறை திருத்துவீர்கள் என்பதையும், அனிமேட்டிக் பூட்டப்பட்ட பிறகு வரும் மாற்றத்துக்குத் தனிக் கட்டணம் என்பதையும் தொடங்கும் முன்பே எழுதி வாங்குங்கள். இதில் கூச்சம் வேண்டாம்.

ஸ்டூடியோவிலிருந்து சோதனைப் பணி வரலாம்: 20 ஸ்டோரிபோர்டு படங்கள், கலைந்து கிடக்கும் வசனப் பதிவுகள், இரண்டு நாள் கெடு. திறமையைக் கொட்டிக் காட்ட வேண்டும் என்று பறக்காதீர்கள். வசனம் தெளிவாகக் கேட்கட்டும், யார் யாரைப் பார்க்கிறார் என்பது குழம்பாமல் இருக்கட்டும், ஒரே ஓர் இடத்தில் நல்ல இடைவெளி விழட்டும். சொன்ன வடிவத்தில், சொன்ன பெயரில், சொன்ன நேரத்துக்கு ஒரு மணி நேரம் முன்னால் அனுப்புங்கள். அனுப்பும் முன் ஹெட்ஃபோனில் ஒருமுறை, ஃபோனின் சிறு ஒலிபெருக்கியில் ஒருமுறை, படத்தை மறைத்துவிட்டு ஒலியை மட்டும் ஒருமுறை கேளுங்கள். ஃபிரேம் வேகத்தையும் இன்னொரு முறை பார்த்துவிடுங்கள்.